121 கோடிப் பேர் எங்கெங்கே இருக்கிறார்கள்? கொழிஞ்சாம்பாறைப் பக்கம் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

2011 பிப்ரவரியில் சென்சஸ் எடுக்க வீடு வீடாக ஏறி இறங்கியவன் நான். கேரளத்தின் பாலக்காடு மாவட்டம், சித்தூர் தாலுக்கா, தமிழ்நாட்டு எல்லையை ஒட்டிய ஒரு வார்டு. பள்ளிக்கூட வாத்தியார்களுக்குத்தான் அந்த வேலை வந்து சேரும், எனக்கும் வந்தது. ஒரு தென்னந்தோப்பில் நாய் துரத்தி, ஃபாரம் எல்லாம் வாய்க்காலில் விழப் பார்த்தது தனிக்கதை. அன்றிலிருந்து ஜனத்தொகை பற்றி யாருக்கு என்ன சந்தேகம் வந்தாலும் "மாஷைக் கேளு" (இங்கே வாத்தியாரை மாஷ் என்பார்கள்) என்று என் பக்கம் தள்ளிவிடுகிறார்கள். திரும்பத் திரும்பச் சொல்லி வாய் வலிப்பதால் எழுதி வைக்கிறேன். வேறாகச் சொல்லாத இடங்களில் எல்லா எண்களும் 2011 கணக்கு.

இவ்வளவு பழைய கணக்கை வைத்துக்கொண்டு இன்னும் ஏன் பேசுகிறீர்கள்?

ஆள் ஆளாக எண்ணின கணக்கு அதற்கப்புறம் வெளிவரவில்லை, அதனால்தான். 1881-லிருந்து பத்து வருஷத்துக்கு ஒருமுறை நாடு முழுக்க எண்ணி வந்தார்கள். உலகப்போர் நடந்த 1941-ல்கூட நிறுத்தவில்லை. 2021-ல் எடுக்க வேண்டியது கோவிட்டால் தள்ளிப்போய், அப்படியே வருஷக்கணக்கில் தள்ளிக்கொண்டே போனது. கடைசியில் 2025 ஜூன் 16-ல் அரசிதழில் அறிவிப்பு வந்தது: அடுத்த கணக்கின் தேதி 2027 மார்ச் 1, பனி விழும் மலைப் பகுதிகளுக்கு மட்டும் 2026 அக்டோபர் 1.

சீனாவை முந்திவிட்டோம் என்று 2023-ல் செய்தி வந்ததே என்று கேட்பீர்கள். அது ஐ.நா. போட்ட மதிப்பீடு, சுமார் 142.8 கோடி. பிறப்பு, இறப்பு விகிதத்தை வைத்து நாட்டு மொத்தத்தை ஓரளவு சரியாகவே கணித்துவிடலாம். எந்த ஊரில் எத்தனை பேர் என்பது அதில் வராது, அதற்குக் கதவைத் தட்டித்தான் ஆக வேண்டும்.

இந்த 121 கோடிப் பேரில் பெரும்பாலானவர்கள் எங்கே?

கங்கைச் சமவெளியில். உத்தரப்பிரதேசம், பீகார், மேற்கு வங்கம் மூன்றையும் கூட்டினால் 39.5 கோடி வருகிறது, நாட்டில் மூன்றில் ஒருவர். நிலம் எவ்வளவு என்று பார்த்தால் எட்டில் ஒரு பங்குதான். வண்டல் மண், இமயமலைப் பனி உருகி வருஷம் முழுக்க ஓடும் ஆறு, தோண்டினால் சீக்கிரம் கிடைக்கும் நிலத்தடி நீர், இதெல்லாம் இருந்தால் ஜனம் சேராமல் என்ன செய்யும். ஒரு சதுர கிலோமீட்டருக்கு பீகாரில் 1,106 பேர், வங்கத்தில் 1,028. நாட்டின் சராசரி 382. அருணாசலப் பிரதேசத்தில் 17. அங்கே திபாங் பள்ளத்தாக்கு என்று ஒரு மாவட்டம் இருக்கிறது, மொத்தமே 8,004 பேர். நம் கொழிஞ்சாம்பாறை பஞ்சாயத்தில் பாதிக் கூட்டம் அங்கே போனால் மாவட்டமே திணறிவிடும்.

கேரளம் இத்தனை சின்ன மாநிலம், இதில் ஏன் இவ்வளவு நெருக்கம்?

ராஜஸ்தானில் ஜெய்சல்மேர் என்ற ஒரே மாவட்டத்தின் பரப்பு 38,401 சதுர கிலோமீட்டர். முழுக் கேரளத்தின் பரப்பு 38,863. கிட்டத்தட்ட ஒரே அளவுத் துணி. அதில் அங்கே இருப்பது 6.7 லட்சம் பேர், இங்கே 3.34 கோடி. ஐம்பது மடங்கு!

காரணம் தண்ணீர். கேரளத்தில் சராசரியாக வருஷத்துக்குச் சுமார் 3,000 மில்லிமீட்டர் மழை, அதுவும் இரண்டு பருவத்தில். தமிழ்நாட்டில் ஏரிக்கரையையோ ஆற்றையோ ஒட்டி ஊர் கூடும், வீடு ஒன்றோடொன்று முதுகு ஒட்டி இருக்கும், சுற்றிலும் வயல். கேரளத்தில் ஆளுக்கொரு பறம்பு (தோட்டத்தோடு கூடிய மனை), அதில் ஒரு வீடு, வீட்டுக்கு ஒரு கிணறு, சுற்றிலும் தென்னை, பாக்கு, மிளகு, பலா. ஊர் எங்கே முடிகிறது, அடுத்தது எங்கே தொடங்குகிறது என்று பஸ்ஸில் போகிறவனுக்குத் தெரியாது. திருச்சூரிலிருந்து எர்ணாகுளம் வரை போய்ப் பாருங்கள், வீடு கண்ணில் படாத ஒரு கிலோமீட்டர் கிடைத்தால் அதிசயம். சதுர கிலோமீட்டருக்கு 860 பேர். தமிழ்நாட்டில் 555. கேரளத்தின் நெருக்கத்தில் தமிழ்நாட்டை நிரப்பினால் 11 கோடியைத் தாண்டும், அதாவது மகாராஷ்டிரத்தின் மொத்தக் கூட்டம்.

கேரளத்துக்குள்ளேயும் ஒரே சீராக இல்லை என்பதையும் சொல்ல வேண்டும். திருவனந்தபுரம் மாவட்டத்தில் 1,508, இடுக்கியில் 255. மலையும் காடும் ஏலத்தோட்டமும் போக மிச்ச இடத்தில்தான் ஆள். இடுக்கியிலும் பத்தனம்திட்டையிலும் 2001-ஐ விட 2011-ல் ஜனம் குறைந்திருந்தது, இதை முதலில் பார்த்தபோது அச்சுப்பிழை என்றே நினைத்தேன். பிள்ளைகள் படித்து வெளிநாடு போய்விட, பெரிய பெரிய வீடுகளைப் பூட்டி வைத்திருக்கிறார்கள்.

அப்படியானால் நம் சித்தூர்ப் பக்கம் ஏன் காலியாகத் தெரிகிறது?

நாம் இருப்பது பாலக்காட்டுக் கணவாயின் கிழக்கு வாசல். மேற்கே கொட்டித் தீர்க்கும் மழை நம் எல்லைப் பக்கத்து வடகரப்பதி, எருத்தேம்பதி வரும்போது தூறலாகிவிடுகிறது. பரம்பிக்குளம்–ஆழியாறு ஒப்பந்தப்படி மணக்கடவு வழியாக வர வேண்டிய 7.25 டிஎம்சி தண்ணீருக்கு வருஷா வருஷம் அண்ணாந்து பார்க்கிறோம், மீதிக்கு போர்வெல். அதனால்தான் இங்கே வீடுகள் தமிழ்நாட்டு ஊர் மாதிரி தெருவாகக் கூடி நிற்கின்றன, நடுவில் பெரிய பெரிய தோப்பு. பாலக்காடு மாவட்டத்தின் சராசரி 627 என்று புத்தகத்தில் போட்டிருக்கும், அதைப் பார்த்து ஏமாற வேண்டாம். அட்டப்பாடி மலையையும் பாலக்காட்டு டவுனையும் ஒரே அண்டாவில் போட்டுக் கலக்கின எண் அது.

இதற்கு நேர் எதிர் கன்னியாகுமரி மாவட்டம். 1956 நவம்பர் 1-ல் திருவிதாங்கூர்–கொச்சி மாநிலத்திலிருந்து பிரிந்து தமிழ்நாட்டோடு சேர்ந்த நாலு தாலுக்கா அது. பேப்பரில் தமிழ்நாடு, ஆனால் வீடு கட்டும் பழக்கம் இன்னும் கேரளம்தான், சதுர கிலோமீட்டருக்கு 1,100 பேருக்கு மேல். எல்லைக்கோட்டை மாற்றிப் போட்டதால் கிணறு மாறிவிடுமா என்ன.

பத்து லட்சத்தைத் தாண்டின நகரங்கள் கேரளத்தில் ஏழு, தமிழ்நாட்டில் நாலுதானாமே? நம்பவே முடியவில்லை.

பி.எஸ்.சி. (அரசு வேலைக்கான தேர்வாணையம்) பரீட்சைக்குப் படிக்கும் பிள்ளைகள் என்னிடம் அதிகம் சண்டை போட்டது இந்த ஒரு கேள்விக்குத்தான். கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

விஷயம் உண்மைதான். நாட்டில் அப்படிப்பட்ட நகரங்கள் 53. கேரளத்தில் கொச்சி, கோழிக்கோடு, திருச்சூர், மலப்புறம், திருவனந்தபுரம், கண்ணூர், கொல்லம். தமிழ்நாட்டில் சென்னை, கோயம்புத்தூர், மதுரை, திருச்சி. பட்டியலில் கொச்சியும் கோயம்புத்தூரும் கிட்டத்தட்ட ஒரே எடை, இரண்டுமே 21 லட்சத்துச் சொச்சம். ஆனால் இரண்டு ஊரிலும் நடந்து பார்த்தவனுக்கு இது இடிக்கும். கொச்சி மாநகராட்சிக்குள் இருப்பது 6 லட்சம் பேர்தான். இன்னும் வேடிக்கை மலப்புறம். நகராட்சி எல்லைக்குள் எழுபதாயிரம்கூட இல்லை, பட்டியலிலோ 17 லட்சம்!

இந்தப் பட்டியலில் வருவது மாநகராட்சி இல்லை, நகரத் தொகுதி. ஒரு பெரிய ஊரும் அதோடு இடைவெளி விடாமல் ஒட்டிக்கொண்டிருக்கும் மற்ற ஊர்களும் சேர்ந்து ஒரே நகரம் என்று சென்சஸில் எடுத்துக்கொள்கிறார்கள். அந்த ஒட்டிக்கொண்ட ஊர்கள் நகராட்சியாக இருக்க வேண்டும் என்றுகூட இல்லை. பஞ்சாயத்து நிர்வாகத்தில் இருக்கும் கிராமமே ஆனாலும் மூன்று விஷயம் இருந்தால் அது சென்சஸ் நகரம்: குறைந்தது 5,000 பேர், சதுர கிலோமீட்டருக்கு 400 பேர், முக்கியத் தொழிலாக வேலை பார்க்கும் ஆண்களில் நூற்றுக்கு 75 பேர் விவசாயம் அல்லாத வேலையில். கேரளத்தில் முதல் இரண்டையும் ஏறக்குறைய எல்லாக் கிராமமும் எப்போதோ தாண்டிவிட்டது. மூன்றாவதை கல்ஃபும், ஆபீஸ் வேலையும், கட்டட வேலையும், டிரைவர் வேலையும் தாண்டவைத்தன. 2001-ல் 99 ஆக இருந்த சென்சஸ் நகரங்கள் 2011-ல் 461 ஆகின. நகர ஜனத்தொகை நூற்றுக்கு 26-லிருந்து 47.7-க்குக் குதித்தது. யாரும் ஊரை விட்டு டவுனுக்குக் குடிபோகவில்லை, இருந்த இடத்திலேயே இருந்தார்கள், ஊருக்குப் பெயர் மாறியது. அரிசிக்கடைக்காரர் ஒருவர் இதைக் கேட்டுவிட்டு "அப்போ நானும் சிட்டி ஆளா மாஷே, வரி எதுவும் கூடாதே?" என்றார். கூடாது. பஞ்சாயத்து பஞ்சாயத்தாகவேதான் இருக்கும்.

தமிழ்நாட்டில் நகர ஜனம் 48.4 சதவீதம், பார்க்க கேரளத்தின் எண் மாதிரியே இருக்கிறது. ஆனால் அங்கே பேரூராட்சி என்று ஒரு படி இருக்கிறது, அரசாங்கமே ‘இது டவுன்’ என்று எழுதிக் கொடுத்த இடங்கள். கேரளத்தில் அந்தப் படியே கிடையாது. இந்த இரண்டு எண்ணையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பேசுகிறவர்களைக் கண்டால் எனக்குக் கொஞ்சம் எரிச்சல் வரும்.

‘கிராமம்’ என்ற சொல்லும் அப்படித்தான். கேரளத்தில் சென்சஸ் கிராமங்கள் 1,018, சராசரியாக ஒரு கிராமத்துக்கு 17,000 பேர். நாட்டு அளவில் ஆள் இருக்கும் கிராமங்கள் ஆறு லட்சத்துக்குக் கொஞ்சம் குறைவு, சராசரி 1,400 பேர். அங்கே கிராமம் என்றால் ஒரு குக்கிராமம், இங்கே கிராமம் என்றால் ஒரு சின்ன டவுன்.

சரி, நாட்டிலேயே பெரிய நகரம் எது?

நகரத் தொகுதியாகப் பார்த்தால் மும்பை 1.84 கோடி, டெல்லி 1.63 கோடி, கொல்கத்தா 1.41 கோடி, அப்புறம் சென்னை, பெங்களூர், ஹைதராபாத். சென்னையும் பெங்களூரும் அப்போது 87, 85 லட்சம் என்று தோளோடு தோள் நின்றன. அடுத்த கணக்கில் இந்த வரிசை இப்படியே நிற்காது என்று பந்தயம் கட்டலாம்.

மேலே சொன்ன முதல் மூன்றையும் கூட்டினாலும் நாட்டில் நூற்றுக்கு நாலு பேர்தான், இதை மறந்துவிடக் கூடாது. நூற்றுக்கு 69 பேர் கிராமக் கணக்கில் இருக்கிறார்கள். டிவியைப் பார்த்தால் எல்லோரும் டெல்லியில் குடியிருப்பது போலத் தோன்றும்.

வீடு வேலந்தாவளத்தில், வேலை கோயம்புத்தூரில். என்னை எந்த மாநிலத்தில் எண்ணுவார்கள்?

எந்த வீட்டில் வழக்கமாகத் தங்குகிறீர்களோ அங்கே. தினமும் காலையில் பஸ் பிடித்துப் போய் ராத்திரி திரும்புகிறவர் கேரளக் கணக்கு, சந்தேகமே இல்லை. காந்திபுரத்தில் ரூம் எடுத்துத் தங்கி ஞாயிற்றுக்கிழமை மட்டும் துணி துவைக்க வீட்டுக்கு வரும் பையன் தமிழ்நாட்டுக் கணக்கு. அவன் அம்மா ஒத்துக்கொள்ள மாட்டார். "என் பையன் பேர் ரேஷன் கார்டுல இங்கதான இருக்கு, எழுதுங்க சார்" என்று என்னிடம் கண் கலங்கினவர்கள் உண்டு. ரேஷன் கார்டுக்கும் சென்சஸுக்கும் சம்பந்தம் இல்லை என்று சொல்லிப் புரியவைப்பதற்குள் டீ ஆறிவிடும். துபாயில் இருக்கிறவர் இந்தக் கணக்கிலேயே வரமாட்டார். வீடு இல்லாமல் பஸ் ஸ்டாண்டிலும் கடைத் திண்ணையிலும் படுக்கிறவர்களை 2011-ல் பிப்ரவரி 28 ராத்திரி ஒரே மூச்சில் எண்ணினோம்.

இதனால்தான் எல்லை ஊர்களின் எண்ணைக் கொஞ்சம் யோசித்துப் படிக்க வேண்டும். பகலில் கோயம்புத்தூரில் நடமாடும் கூட்டமும் சென்சஸில் கோயம்புத்தூருக்கு எழுதின கூட்டமும் ஒன்றல்ல. வாளையார் செக்போஸ்ட்டில் காலை எட்டு மணிக்கு நின்று பார்த்தால் புரியும்.

இந்த ‘பெங்காலி’ ஆட்கள் எல்லாம் எங்கிருந்து வருகிறார்கள்?

முதலில், எல்லோரும் பெங்காலி இல்லை. கஞ்சிக்கோட்டுக் கம்பெனிகளில் இருப்பவர்களில் ஒடிசா, பீகார், அசாம், ஜார்கண்ட் என்று எல்லா ஊர் ஆளும் உண்டு. அவர்களை ஒரே பெயரில் கூப்பிடுவது, சென்னையில் நம்மை எல்லாம் ‘மலையாளி’ என்று கூப்பிடுவது மாதிரி.

வரும் காரணம் எளிது. ஒரு பெண்ணுக்கு சராசரியாக இரண்டு பிள்ளை என்ற அளவுக்கு கேரளம் 1988 வாக்கிலேயே வந்துவிட்டது, தமிழ்நாடு 1993-ல். 2019–21 குடும்பநலக் கணக்கில் கேரளம், தமிழ்நாடு இரண்டும் 1.8, பீகார் 3.0. இங்கே கூலி அதிகம், வேலைக்கு இளவட்டம் இல்லை. அங்கே இளவட்டம் நிறைய, வேலை இல்லை. ரயில் ஓடுகிறது. நம் ஆட்கள் பாம்பேக்கும் கல்ஃபுக்கும் போனதும் இதே கணக்கில்தான்.

ஆந்திரப் பக்கம் நகரியில் என் சித்தி இருக்கிறார். அவர்கள் ஜனத்தொகை எவ்வளவு?

எந்த ஆந்திரா என்று முதலில் சொல்லுங்கள். 2011-ல் எண்ணும்போது ஒரே ஆந்திரா, 8.46 கோடி. 2014 ஜூன் 2-ல் தெலங்கானா பிரிந்தது, சுமார் 3.5 கோடி அந்தப் பக்கம் போக, மிச்ச ஆந்திரா ஏறக்குறைய 5 கோடி. உங்கள் சித்தி இருக்கும் பழைய சித்தூர் மாவட்டம் 41.7 லட்சம். அதையும் 2022 ஏப்ரல் 4-ல் பிரித்தார்கள், அன்றைக்கு மாநிலத்தின் 13 மாவட்டம் 26 ஆனது. பழைய மாவட்ட எண்ணைப் புது மாவட்டத்துக்குப் போட்டு வாட்ஸாப்பில் சுற்றும் படங்களை நம்ப வேண்டாம். (சித்தூர் என்று கூகுளில் தேடினால் நம் சித்தூரும் ஆந்திரச் சித்தூரும் குழம்பி வரும், என்னிடம் ஒரு பையன் நம் தாலுக்காவில் 41 லட்சம் பேர் என்று எழுதிக்கொண்டு வந்தான்.)

கேரளத்தில் தமிழர்கள் எத்தனை பேர்?

தமிழைத் தாய்மொழியாகச் சொன்னவர்கள் 5 லட்சம், மாநிலத்தில் நூற்றுக்கு ஒன்றரை. கேட்க ஒன்றுமே இல்லை போல இருக்கிறது. ஆனால் அவர்கள் மாநிலம் முழுக்கப் பரவிக் கிடக்கவில்லை. தேவிகுளம், பீருமேடு, உடும்பன்சோலை தோட்டங்களிலும் நம் சித்தூர் கிழக்கிலும் கூடி இருக்கிறார்கள். மூணாறு லைன் வீடுகளில் போய் ஒன்றரை சதவீதம் என்று சொன்னால் சிரிப்பார்கள்.

தாய்மொழி என்றால் சின்ன வயதில் அம்மா உங்களிடம் பேசின மொழி. பள்ளியில் படித்த மொழியோ, இப்போது ஆபீஸில் பேசுவதோ இல்லை. ஒரே வீட்டில் பாட்டி தமிழ், மருமகள் மலையாளம், பேரன் என்ன என்று எழுதுவது என்ற தகராறை ஒரு முற்றத்தில் அரைமணி நேரம் கேட்டிருக்கிறேன். பேரனுக்கு நாலு வயது. கடைசியில் மருமகள் சொன்னதுதான் எழுதப்பட்டது, விதியும் அப்படித்தான்.

எம்.பி. சீட் குறைந்துவிடும் என்கிறார்களே?

மாநிலங்களுக்கு இடையே லோக்சபா சீட் பங்கு இன்னும் 1971 ஜனத்தொகையை வைத்துத்தான். 1976-ல் அரசியலமைப்பின் 42-வது திருத்தம் அதை அப்படியே நிறுத்தி வைத்தது, 84-வது திருத்தம் அந்த நிறுத்தத்தை 2026-க்குப் பிறகு வரும் முதல் சென்சஸ் வரை நீட்டியது. 2027 கணக்கு அந்த ‘முதல் சென்சஸ்’ ஆகிறது, பதற்றம் அதனால்தான்.

1971-லிருந்து 2011-க்குள் நாடு 2.2 மடங்கு ஆனது. தமிழ்நாடு 1.75 மடங்கு, கேரளம் ஒன்றரை மடங்கைக் கொஞ்சம் தாண்டியது. இப்போது கேரளத்தில் ஒரு எம்.பி.க்குச் சுமார் 16.7 லட்சம் பேர், தமிழ்நாட்டில் 18.5 லட்சம், உத்தரப்பிரதேசத்தில் 25 லட்சம், பீகாரில் 26 லட்சம். ஒரு ஓட்டுக்கு ஒரே மதிப்பு வேண்டும் என்கிற பீகார்க்காரர் சொல்வதில் நியாயம் இருக்கிறது. குடும்பக் கட்டுப்பாட்டை அரசாங்கம் சொன்னபடி செய்ததற்கு இதுவா கூலி என்று கேட்கும் நம் ஊர்க்காரர் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. நான் இரண்டாவது கட்சி. ஆனால் முதல் கட்சிக்காரன் முகத்தைப் பார்த்து என்ன பதில் சொல்வது என்று இன்னும் யோசித்துக்கொண்டுதான் இருக்கிறேன்.

கணக்கெடுக்க வரும்போது என்னென்ன டாக்குமென்ட் எடுத்து வைக்க வேண்டும்?

ஒன்றும் வேண்டாம். வாயால் சொன்னால் போதும். 1948 சென்சஸ் சட்டப்படி நீங்கள் சொல்வது ரகசியம், கோர்ட்டில் சாட்சியமாகக்கூட எடுக்க முடியாது, வரி ஆபீஸுக்கும் போகாது. இந்த முறை பேப்பர் ஃபாரத்துக்குப் பதில் மொபைலில் பதிவு செய்வார்கள், ஜாதியும் கேட்பார்கள். வீட்டில் எத்தனை பேர், அவரவர் வயது, மாடியில் வாடகைக்கு இருப்பவர் விவரம் இதெல்லாம் தெரிந்தவர் ஒருவர் வீட்டில் இருந்தால் சீக்கிரம் முடியும். நாய் இருந்தால் கட்டிப் போடுங்கள்.